கௌபாய் காதல் நாவல்களோடு சேர்த்துப் படிக்க வயோமிங், மொன்டானா வரலாற்று நூல்கள் சொல்லுங்கள்

நித்திலா எழுதியது:

எல்லோருக்கும் வணக்கம். கொலராடோவில் ஃபோர்ட் காலின்ஸுக்குக் குடிவந்து மூன்று வருடம் ஆகிறது. இங்கிருந்து வடக்கே ஒரு மணி நேரத்துக்குள் எல்லை தாண்டி வயோமிங்கின் ஷையெனுக்குப் போய்விடலாம். முதல் குளிர்காலத்தில் வீட்டிலேயே அடைந்து கிடந்தபோது நூலகத்தில் கைக்குக் கிடைத்ததைப் படிக்க ஆரம்பித்தேன். கிடைத்தது கௌபாய் காதல் நாவல்கள். அன்றிலிருந்து விடவே முடியவில்லை.

இரண்டு விஷயங்கள் மனதில் உறுத்திக்கொண்டே இருக்கின்றன. எந்த நாவலை எடுத்தாலும் பண்ணை கையைவிட்டுப் போகும் நிலையில் இருக்கிறது. வங்கிக் கடன், அப்பாவின் உயில், பக்கத்து நிலத்தை வளைக்க வரும் பணக்காரன், இப்படி ஏதாவது ஒன்று. 1996இல் வந்த நோரா ராபர்ட்ஸின் ‘மொன்டானா ஸ்கை’யில் ஒரு அப்பா, மூன்று மனைவிகளுக்குப் பிறந்த மூன்று மகள்களுக்குப் பண்ணையை எழுதிவைத்துவிட்டு, ஒரு வருடம் அங்கே சேர்ந்து வாழ்ந்தால்தான் சொத்து என்று நிபந்தனை போட்டுச் செத்துப்போகிறார். அடுத்தது, நிலத்துக்காகப் பண்ணிக்கொள்ளும் பெயரளவுக் கல்யாணம். முதலில் ஒப்பந்தம், அப்புறம்தான் காதல். இது எழுத்தாளர்கள் தங்கள் வசதிக்காகக் கட்டிய கதையா, அந்த மண்ணில் நிஜமாகவே நடந்ததா?

அமெரிக்காவின் பொது வரலாறு வேண்டாம். ஒரு ஊர், ஒரு ஆற்றங்கரை, ஒரு கவுண்டி (நம்மூர் மாவட்டம் மாதிரி) என்று குறுக்கி எழுதிய வட்டார வரலாறு வேண்டும். படித்தவர்கள் சொல்லுங்கள்.


பழம்புத்தகம் எழுதியது:

நித்திலா அம்மா, நல்ல கேள்வி. நான் வரலாற்று வாத்தியாராக இருந்து ஓய்வு பெற்றவன். இந்தக் காதல் நாவல்களில் ஒன்றிரண்டுதான் படித்திருக்கிறேன். ஆனால் அவற்றுக்கெல்லாம் தாத்தா முறையான நாவலைப் பலமுறை படித்திருக்கிறேன். அங்கிருந்து தொடங்குகிறேன்.

ஓவன் விஸ்டரின் ‘தி வெர்ஜீனியன்’, 1902. எழுதியவர் பிலடெல்பியாக்காரர், தியோடர் ரூஸ்வெல்ட்டின் கல்லூரி நண்பர். புத்தகத்தையே ரூஸ்வெல்ட்டுக்குத்தான் சமர்ப்பித்தார். வெர்மான்டிலிருந்து ஒரு பெண் வயோமிங்குக்குப் பள்ளி ஆசிரியையாக வருகிறாள். அங்கே ஒரு கௌபாய். அவனுக்குப் பெயரே கிடையாது, ஊர்ப்பெயர்தான். குறைவாகப் பேசுகிறான், அவளிடம் புத்தகம் வாங்கிப் படிக்கிறான். நீங்கள் படிக்கும் நாவல்களின் நாயகன் இவனுடைய கொள்ளுப்பேரன்.

இந்த நாவலில் நாயகன் தன் நண்பனையே மாட்டுத் திருடன் என்று தூக்கில் போடுகிறான். நாயகி கலங்கிப்போகிறாள். பண்ணைக்காரரான ஒரு நீதிபதி அவளை உட்காரவைத்து, நீதிமன்றம் கைவிட்ட இடத்தில் குடிமக்கள் சட்டத்தைத் தங்கள் கையில் எடுப்பது நியாயம்தான் என்று விளக்கம் சொல்கிறார். அவள் அதை ஏற்றுக்கொள்கிற மாதிரி கதை நகர்கிறது. காதல் கதைக்கு நடுவே இந்தப் பிரசங்கம் எதற்கு? பத்து வருடத்துக்கு முன்னால் வயோமிங்கின் ஜான்சன் கவுண்டியில் நடந்த ஒரு விவகாரத்துக்கு அது வக்காலத்து.

1892 ஏப்ரல். ஷையெனிலிருந்து காஸ்பருக்கு ஒரு தனி ரயில் கிளம்பியது. உள்ளே பெரிய மாட்டுப் பண்ணை முதலாளிகள், அவர்களுடைய ஆட்கள், டெக்சஸிலிருந்து கூலிக்குக் கொண்டுவந்த துப்பாக்கிக்காரர்கள், மொத்தம் ஐம்பது பேர் அளவில். கையில் கொல்ல வேண்டியவர்களின் பட்டியல். அந்தப் பட்டியலில் இருந்தவர்கள் பெரும்பாலும் சிறு குடியானவர்களும், சொந்தமாக நாலு மாடு வைத்திருந்த கௌபாய்களும். ஏப்ரல் 9 அன்று கேசி பண்ணையில் நேட் சாம்பியனும் நிக் ரேயும் இருந்த குடிசையைச் சுற்றி வளைத்தார்கள். ரே முதலில் விழுந்தார். சாம்பியன் நாள் முழுக்கத் தனியாளாகச் சுட்டுக்கொண்டிருந்தார். இடையிடையே ஒரு சிறு நோட்டில் நடப்பதை எழுதியும் வைத்தார். கடைசியில் குடிசைக்குத் தீ வைத்து, வெளியே ஓடிவந்தவரைச் சுட்டுக் கொன்றார்கள். அந்த நோட்டு பிறகு செய்தித்தாளில் வந்தது.

பஃபலோ ஊர்க்காரர்களுக்குச் செய்தி எட்டியதும் ஊரே திரண்டு போய், டிஏ பண்ணையில் பதுங்கிய படையை முற்றுகையிட்டது. அப்போது யார் வந்து காப்பாற்றினார்கள் தெரியுமா? ஆளுநர் ஜனாதிபதி ஹாரிசனுக்குத் தந்தி அடிக்க, மத்திய அரசின் குதிரைப்படை வந்தது. வந்து காப்பாற்றியது கொல்லப் போனவர்களை. அடுத்த வருடம் வழக்கும் கலைந்தது. அத்தனை பேரைக் காவலில் வைத்து வழக்கு நடத்த அந்தச் சின்னக் கவுண்டியிடம் பணம் இல்லை. ஒருவருக்கும் தண்டனை இல்லை.

படிக்க வேண்டியவை: ஹெலினா ஹன்டிங்டன் ஸ்மித்தின் ‘தி வார் ஆன் பவுடர் ரிவர்’ (1966), ஜான் டபிள்யூ. டேவிஸின் ‘வயோமிங் ரேஞ்ச் வார்’ (2010). முதலாவது கதை போல ஓடும். இரண்டாவதில் நீதிமன்றப் பதிவுகள் வரை இறங்கிப் பார்த்திருக்கிறார்.


கௌதமி எழுதியது:

சார், அருமை. ஆனால் தாத்தாவை மட்டும் சொல்லிவிட்டுப் பாட்டியை விட்டுவிட்டீர்களே.

நான் வாடகை நூலகத்தில் மில்ஸ் அண்ட் பூன் காதல் நாவல்கள் எடுத்துப் படித்து வளர்ந்தவள். இந்த வகையை நாற்பது வருடமாகப் படிக்கிறேன். ‘வெர்ஜீனியன்’ வந்து நாலே வருடத்தில், 1906இல், பி. எம். பவர் எழுதிய ‘சிப் ஆஃப் தி ஃப்ளையிங் யூ’ புத்தகமாக வந்தது. பி. எம். என்பது பெர்த்தா மஸி. பெண் என்று தெரியாமலே வாசகர்கள் வருடக்கணக்கில் படித்தார்கள். விஸ்டர் மாதிரி கிழக்கிலிருந்து வந்து பார்த்துவிட்டுப் போனவர் இல்லை, மொன்டானாவில் பிக் சாண்டி பக்கம் குடும்பம் நடத்தியவர். அவருடைய நாயகி ஒரு டாக்டர். கிழக்கிலிருந்து மருத்துவம் படித்துவிட்டு அண்ணனின் பண்ணைக்கு வருகிறாள். நாயகன் ரகசியமாக ஓவியம் வரையும் கௌபாய். யாரும் யாரையும் தூக்கில் போடவில்லை. சமைக்கிறார்கள், குதிரை பழக்குகிறார்கள், ஒருவரையொருவர் கேலி செய்கிறார்கள். இன்றைய கௌபாய் காதல் நாவலின் வீட்டுச் சூடு இங்கிருந்துதான் வருகிறது என்பது என் உறுதியான எண்ணம்.

நித்திலா, உங்கள் இரண்டாவது கேள்விக்கு வருகிறேன். நிலத்துக்காகக் கல்யாணம் கட்டுக்கதையே இல்லை. சட்டமே அப்படி இருந்தது. 1850இல் ஓரிகானுக்கு ஒரு நிலக்கொடைச் சட்டம் போட்டார்கள். தனி ஆணுக்கு 320 ஏக்கர். கல்யாணம் ஆனவன் என்றால் 640 ஏக்கர், அதில் பாதி மனைவியின் பெயரிலேயே. 1851 டிசம்பர் 1க்குள் கல்யாணம் முடிந்திருக்க வேண்டும். என்ன நடந்திருக்கும் என்று யோசித்துப் பாருங்கள். பெண் கிடைக்காத ஊரில் பன்னிரண்டு, பதின்மூன்று வயதுச் சிறுமிகளைக்கூடக் கட்டிவைத்தார்கள். இதைப் படித்த அன்று இரவு என்னால் நாவலைக் கையில் எடுக்க முடியவில்லை.


நித்திலா எழுதியது:

கௌதமி அக்கா, எனக்கும் வயிற்றைப் பிசைகிறது. மனைவியின் பெயரில் 320 ஏக்கர் என்று படித்தபோது முதலில் சந்தோஷப்பட்டேன். அடுத்த வரியில் அது போய்விட்டது.

வயோமிங்கிலும் இதே சட்டமா?


பழம்புத்தகம் எழுதியது:

இல்லை அம்மா, வயோமிங்குக்கு 1862ஆம் வருடத்து ஹோம்ஸ்டெட் சட்டம், அதாவது குடியேறுகிறவர்களுக்கு அரசு நிலம் தரும் சட்டம். 160 ஏக்கர். ஐந்து வருடம் அங்கேயே குடியிருந்து, வீடு கட்டி, உழுது காட்டினால் பட்டா. 21 வயதான தனிப் பெண்ணும், விதவையும், குடும்பத் தலைவியும் மனு போடலாம். கணவனோடு வாழும் மனைவி போட முடியாது. அதாவது ஓரிகான் சட்டத்துக்கு நேர் எதிர்த் திசை. அங்கே கல்யாணம் பண்ணினால் நிலம், இங்கே கல்யாணம் பண்ணினால் பெண்ணுக்கு நிலம் இல்லை. கல்யாணத் தேதியை நிலச் சட்டம் தீர்மானித்தது என்பது மட்டும் இரண்டு இடத்திலும் ஒன்று.

பண்ணை ஏன் எப்போதும் ஆபத்திலேயே இருக்கிறது என்பதற்கும் இதில் பதில் உண்டு. மழை அதிகமுள்ள இல்லினாய் மண்ணில் 160 ஏக்கர் ஒரு குடும்பத்துக்குத் தாராளம். வயோமிங்கின் வறண்ட புல்வெளியில் ஒரே ஒரு மாட்டுக்குப் பல பத்து ஏக்கர் வேண்டும். வாஷிங்டனில் இருந்தவர்களுக்கு இது புரிய அரை நூற்றாண்டு ஆனது. 1909இல் 320 ஆக்கினார்கள், 1916இல் மாடு வளர்ப்பவர்களுக்கு 640 ஆக்கினார்கள். அதுவும் போதவில்லை. கடைசியில் பலருக்கும் அமைந்த ஏற்பாடு, தண்ணீர் ஓடும் இடத்தில் கொஞ்சம் பட்டா நிலம், சுற்றிலும் அரசாங்கப் புறம்போக்கில் கட்டணம் கட்டி மேய்ச்சல். 1934இல் டெய்லர் மேய்ச்சல் சட்டம் இதை ஒழுங்குபடுத்தியது. இன்றும் வயோமிங் நிலத்தில் பாதிக்குச் சற்றுக் குறைவு மத்திய அரசுடையது. நாவலில் ‘பத்தாயிரம் ஏக்கர் பண்ணை’ என்று வந்தால், அதில் எவ்வளவு பட்டா, எவ்வளவு புறம்போக்கு என்று கேட்டுப் பாருங்கள்.


கன்றுக்காலம் எழுதியது:

நான் நாமக்கல்லில் கால்நடை மருத்துவம் படித்தவள். இப்போது மேற்கு அமெரிக்காவில் பண்ணை மாடுகளைப் பார்க்கும் வேலை. பழம்புத்தகம் ஐயா அளவுக்கு வரலாறு எனக்குத் தெரியாது. ஆனால் இந்த நாவல்களில் ஒரு காட்சி தவறாமல் வரும்: பனிப்புயல் இரவு, ஈன முடியாமல் தவிக்கும் கிடேரி, நாயகனும் நாயகியும் சேர்ந்து கன்றை இழுக்கிறார்கள். பலர் இதைச் செயற்கை என்கிறார்கள். செயற்கையே இல்லை. அந்தக் காட்சி வரும்போதெல்லாம் என் கை தானாக முழங்கை வரை நீள்கிறது.

இங்கே பல பண்ணைகளில் பிப்ரவரியிலிருந்து ஏப்ரல் வரை மாடுகள் ஈனும். முதல் ஈற்றுக் கிடேரிகளை இரண்டு மூன்று மணிக்கு ஒரு தடவை, ராத்திரியிலும், போய்ப் பார்க்க வேண்டும். கன்றின் முன்னங்கால் இரண்டும் மூக்கும் முதலில் தெரிந்தால் நிம்மதி. ஒரு கால் மடங்கியிருந்தால் உள்ளே தள்ளி நிமிர்த்த வேண்டும். மைனஸ் இருபது டிகிரியில் ஈரத்தோடு விழும் கன்றுக்குக் காது நுனி உறைந்து பிறகு உதிர்ந்துவிடும். அதனால் துடைத்து, சூடு பண்ணி, சில மணி நேரத்துக்குள் சீம்பால் உள்ளே போக வேண்டும். இதைத் தனியாளாகச் செய்ய முடியாது. கணவன் ஒரு முறை, மனைவி ஒரு முறை என்று தூங்குகிற வீடுகள் எனக்கு நிறையத் தெரியும். அப்படி ஒரு வீட்டில் அதிகாலை நாலு மணிக்கு, கன்று எழுந்து நின்ற பிறகு, அறுபது வயதுக் கணவர் மனைவியின் தொப்பியிலிருந்த பனியைத் தட்டிவிட்டதைப் பார்த்தேன். இரண்டு பேரும் ஒரு வார்த்தை பேசவில்லை. ‘அதிகம் பேசாத கௌபாய்’ நாவலுக்காகச் செய்த ஆள் இல்லை.

நாவல்களில் எனக்கு ஏற்காதது, அக்டோபரில் கன்று விற்ற பணம்தான் வருடம் முழுக்கச் சோறு என்பதை அவை சொல்வதே இல்லை. வருடத்துக்கு ஒரே சம்பள நாள். பண்ணை ஏன் ஆட்டம் காண்கிறது என்பதற்கு அதுவும் ஒரு காரணம்.


தென்காற்று எழுதியது:

எல்லாம் சரி. எனக்கு இந்த நாவல்கள்மேல் வருத்தம் இருக்கிறது. சொல்லிவிடுகிறேன்.

மொன்டானாவில் பில்லிங்ஸில் ஆறு வருடம் இருந்தேன். அங்கிருந்து தெற்கே கொஞ்சம் போனாலே க்ரோ என்ற பூர்வகுடி மக்களின் ஒதுக்கீட்டு நிலம் தொடங்கிவிடும். 1876இல் பூர்வகுடிகளோடு மோதி ராணுவத் தளபதி கஸ்டர் மாண்ட லிட்டில் பிக்ஹார்ன் போர்க்களம் அதற்குள்தான் இருக்கிறது. எங்கள் பக்கத்து நூலகத்திலும் கௌபாய் காதல் நாவல்கள் நிறைய. ‘ஐந்து தலைமுறையாக எங்கள் நிலம்’ என்று நாயகன் உருகுவான். ஆறாவது தலைமுறைக்கு முன்னால் அது யாருடையது என்ற கேள்வி பெரும்பாலும் எழுவதே இல்லை.

பழம்புத்தகம் அண்ணன் சொன்ன ஜான்சன் கவுண்டியையே எடுங்கள். அது பவுடர் ஆற்றுப் பகுதி. 1866 டிசம்பரில் அங்கே ஃபெட்டர்மன் என்ற ராணுவத் தளபதியும் அவரோடு போனவர்களுமாக 81 பேரும் கொல்லப்பட்டார்கள். 1868இல் லாரமி கோட்டை ஒப்பந்தம் போட்டு, ராணுவமே அங்கிருந்த கோட்டைகளைக் காலி செய்துவிட்டுப் போனது. லகோட்டா, ஷையென் என்ற பூர்வகுடி மக்களின் வேட்டை நிலம் என்று எழுத்தில் ஒப்புக்கொண்ட இடம் அது. 1876 போருக்குப் பிறகு பிடுங்கினார்கள். அதன் பின்தான் மாட்டு மந்தைகள் வந்தன. ஆக 1892இல் ‘இது யார் புல்வெளி’ என்று சுட்டுக்கொண்ட இரண்டு தரப்புக்கும் அந்த நிலத்தில் இருபது வருட உறவுகூடக் கிடையாது.

இன்னொன்று. வரலாற்றுக் கௌபாய் நிலச்சுவான்தார் இல்லை, கூலிக்காரன். மாதம் முப்பது, நாற்பது டாலர். 1883இல் டெக்சஸில் கௌபாய்கள் ஐம்பது டாலர் கேட்டு வேலைநிறுத்தமே செய்தார்கள். வயோமிங்கில் சொந்த மாடு வைத்திருந்த கௌபாயை முதலாளிகள் சங்கம் கறுப்புப் பட்டியலில் போட்டது. கௌபாய்களில் கறுப்பின மக்களும் மெக்சிகோக்காரர்களும் கணிசமாக இருந்தார்கள். தொழிலே மெக்சிகோவின் வக்கேரோக்களிடம், அதாவது அங்கத்திய மாட்டு மேய்ப்பர்களிடம், கற்றது. ராஞ்ச், ரோடியோ, லாரியட் எல்லாம் ஸ்பானிய மொழியிலிருந்து வந்த சொற்கள். நாவல் அட்டைகளில் நான் பார்த்த நாயகர்களோ பெரும்பாலும் ஒரே மாதிரி முகம்.


கௌதமி எழுதியது:

தென்காற்று தம்பி, நீங்கள் சொன்னதில் ஒரு வரியைக்கூட மறுக்க மாட்டேன். ஆனால் குற்றத்தைக் காதல் நாவல் மேல் மட்டும் ஏற்றாதீர்கள். தடித் தடியான வட்டார வரலாறுகள் எத்தனை இருக்கின்றன, அவற்றில் பெண் என்று ஒருத்தி வருகிறாளா? முன்னோடிகள், மாட்டு ராஜாக்கள், ஷெரிஃபுகள், ரயில்வே. சமைத்தது யார், பிள்ளை பெற்றது யார், நடுவில் இறந்த குழந்தையைப் புதைத்தது யார் என்று தேடினால் நன்றியுரைப் பக்கத்தில் ‘என் மனைவிக்கு’ என்று ஒரு வரி. ஒரு பெண் அந்தப் புல்வெளியில் எதற்குப் பயந்தாள், எதற்கு ஏங்கினாள் என்று தெரிந்துகொள்ள எனக்குக் காதல் நாவல்தான் முதலில் கிடைத்தது. அதை நான் விட்டுக்கொடுக்க மாட்டேன்.


ராகவன்73 எழுதியது:

ஜான்சன் கவுண்டிக்கு முன்னாடியே வயோமிங்கில் ‘கேட்டில் கேட்’ என்று ஒரு பெண் மாட்டுத் திருடியைத் தூக்கில் போட்டார்கள் இல்லையா? விபசார விடுதி நடத்தி, கூலிக்குப் பதில் திருட்டு மாடு வாங்கியவள் என்று எங்கேயோ படித்திருக்கிறேன். அவளை வைத்து ஒரு நாவல் எழுதலாம்.


சுகந்தி எழுதியது:

ராகவன், தயவுசெய்து அந்தக் கதையை இத்தோடு விட்டுவிடுங்கள். அது கொலைகாரர்களுக்குச் சாதகமாக ஷையென் பத்திரிகைகள் கட்டிவிட்ட கதை.

அவர் பெயர் எல்லா வாட்சன். சட்டப்படி மனு போட்டு, ஸ்வீட்வாட்டர் ஆற்றுப் பக்கம் 160 ஏக்கரில் குடியிருந்தவர். காசு கொடுத்து வாங்கிய ஒரு சின்ன மந்தை, மாட்டுக்குச் சூடு போடப் பதிவு செய்த சொந்த முத்திரை, இவ்வளவுதான் அவர் சொத்து. அவருடைய நிலமும் பக்கத்தில் கடை வைத்திருந்த ஜிம் அவெரலின் நிலமும், ஒரு பெரிய பண்ணைக்காரர் தன்னுடையது போல மேய்த்துவந்த புல்வெளியில் இருந்தன. 1889 ஜூலை 20 அன்று ஆறு பண்ணைக்காரர்கள் வந்து இருவரையும் கூட்டிக்கொண்டு போய்த் தூக்கிலிட்டார்கள். சாட்சிகள் ஒவ்வொருவராகக் காணாமல் போனார்கள், செத்தார்கள். வழக்கு நிற்கவில்லை.

நித்திலா, உங்கள் கேள்விக்கு இதில்தான் பதில். எல்லா வாட்சனும் ஜிம்மும் 1886இல் லேண்டர் ஊரில் கல்யாண உரிமம் வாங்கியிருக்கிறார்கள். ஊருக்குச் சொல்லவில்லை. சொன்னால் அவர் மனைவி ஆகிவிடுவார், மனைவிக்குத் தனி நிலம் கிடையாது. நாவலில் காதலே இல்லாமல் நிலத்துக்காகக் கல்யாணம் செய்கிறார்கள். இவர்கள் காதலும் கல்யாணமும் இருந்து, நிலத்துக்காக அதை மறைத்தார்கள். அந்த மறைவையே பிடித்துக்கொண்டு அவரை விபசாரி என்று எழுதினார்கள்.

ஜார்ஜ் ஹஃப்ஸ்மித் 1993இல் எழுதிய ‘தி வயோமிங் லிஞ்சிங் ஆஃப் கேட்டில் கேட், 1889’ படியுங்கள். நூறு வருடப் பழிச்சொல்லைப் பதிவேடு பதிவேடாகப் பிரித்துப் போட்ட புத்தகம். வட்டார வரலாறு என்றால் எனக்கு அதுதான்.


ராகவன்73 எழுதியது:

தெரியாமல் எழுதிவிட்டேன், மன்னியுங்கள். அந்தப் பதிவை அழிக்கட்டுமா?


சுகந்தி எழுதியது:

அழிக்க வேண்டாம், இருக்கட்டும். அடுத்து வருகிறவர்கள் கேள்வியையும் பதிலையும் சேர்த்துப் படிக்கட்டும்.


பழம்புத்தகம் எழுதியது:

சுகந்தி, நன்றி. உங்கள் பதிவைப் படித்ததும் ஒருவர் ஞாபகம் வந்தது. கௌதமி அம்மாவுக்கு இவரைக் கட்டாயம் சொல்ல வேண்டும்.

ஏசா மெர்சர். 1861இல் சியாட்டிலில் தொடங்கிய பல்கலைக்கழகத்தின் முதல் தலைவர். அந்த ஊரில் ஆண்கள்தான் நிறைய, கல்யாணத்துக்குப் பெண் இல்லை. அதே சமயம் கிழக்கே மாசசூசெட்ஸின் லோவல் நகரத்தில், உள்நாட்டுப் போரால் தெற்கிலிருந்து பருத்தி வராமல் மில்கள் மூடிக்கிடந்தன. வேலையில்லாத இளம்பெண்கள், போரில் ஆண்களை இழந்த குடும்பங்கள். மெர்சர் அங்கே போய்ப் பேசி, 1864இல் பதினொரு பெண்களைக் கப்பலில் கூட்டிவந்தார். 1866இல் தென் அமெரிக்காவைச் சுற்றிக்கொண்டு இன்னொரு கப்பல். வந்தவர்களில் பலர் ஆசிரியைகள் ஆனார்கள், பெரும்பாலோர் கல்யாணம் செய்துகொண்டார்கள். இரண்டாவது கப்பலில் வந்த ஆனி ஸ்டீஃபன்ஸை மெர்சரே மணந்தார். தூரதேசத்து மணப்பெண் நாவல்களுக்கெல்லாம் மூலக்கதை போல இருக்கிறது அல்லவா?

இனிமேல்தான் விஷயமே. அதே மெர்சர் பிற்காலத்தில் ஷையெனுக்கு வந்து கால்நடைப் பத்திரிகை நடத்தினார், பண்ணை முதலாளிகளின் விளம்பரப் பணத்தில். 1892 சம்பவத்துக்குப் பிறகு அவர்களோடு முறித்துக்கொண்டு, 1894இல் ‘தி பாண்டிட்டி ஆஃப் தி ப்ளெயின்ஸ்’ என்ற நூலை வெளியிட்டார். சமவெளிக் கொள்ளையர்கள் என்று அர்த்தம். கொள்ளையர் என்று அவர் சொன்னது சிறு குடியானவர்களை அல்ல, முதலாளிகளை. புத்தகத்தை அமுக்கப் பார்த்தார்கள். நூலகங்களிலிருந்து பிரதிகள் காணாமல் போன கதைகள் நிறைய உண்டு. 1954இல் ஓக்லஹோமா பல்கலைக்கழகப் பதிப்பகம் மறுபடி அச்சிட்டது. இன்று எளிதாகக் கிடைக்கும்.

மணப்பெண்களைக் கப்பலேற்றிய கையும், வயோமிங்கின் முதல் துணிச்சலான வட்டார வரலாற்றை எழுதிய கையும் ஒன்று. இந்த இரண்டு அலமாரிகளையும் ஏன் தனித்தனியாக வைக்கிறார்கள் என்று எனக்கு இப்போது சந்தேகம் வந்துவிட்டது.


சுகந்தி எழுதியது:

ஐயா, மெர்சர் தகவல் எனக்குப் புதிது. மிக்க நன்றி.

நித்திலா, நீங்கள் ஒரே ஒரு புத்தகம்தான் படிப்பேன் என்றால் எலினோர் ப்ரூயிட் ஸ்டூவர்ட்டின் ‘லெட்டர்ஸ் ஆஃப் எ வுமன் ஹோம்ஸ்டெடர்’, 1914. காப்புரிமை முடிந்தது, இணையத்தில் இலவசம். டென்வரில் துணி துவைத்துப் பிழைத்த பெண், கையில் ஒரு சின்ன மகள். 1909இல் வயோமிங்கின் பர்ன்ட் ஃபோர்க்கில் ஸ்டூவர்ட் என்ற பண்ணைக்காரருக்கு வீட்டுவேலைக்காரியாகப் போகிறார். ரயிலில் 24 மணி நேரம், அப்புறம் குதிரை வண்டியில் இரண்டு நாள். டென்வரில் தன் பழைய எஜமானிக்கு எழுதிய கடிதங்கள்தான் நூல். போன சில வாரத்தில் பக்கத்திலேயே தன் பெயரில் நிலத்துக்கு மனு போடுகிறார். உடனே ஸ்டூவர்ட்டைக் கல்யாணமும் செய்துகொள்கிறார். ஆனால் கடிதத்தில் அதை வெகுநாள் சொல்லவே இல்லை!

இதற்கு மேல் சொன்னால் உங்கள் வாசிப்பைக் கெடுத்துவிடுவேன்.


நித்திலா எழுதியது:

ஒரு வாரம் கழித்து வருகிறேன். எலினோரின் கடிதங்களை இரண்டு முறை படித்துவிட்டேன்.

புல் அறுக்கும் இடம் எனக்கு ரொம்பப் பிடித்தது. ஆள் கிடைக்காமல் ஸ்டூவர்ட் வெளியே தேடிப் போகிறார். எலினோருக்குக் குதிரை பூட்டிய அறுப்பு எந்திரம் ஓட்டத் தெரியும், சின்ன வயதிலேயே கற்றது, ஆனால் சொல்லத் தயங்கி வைத்திருந்தார். ஸ்டூவர்ட் போனதும் தானே வண்டியைப் பூட்டி அறுக்க ஆரம்பித்துவிடுகிறார். திரும்பி வந்தவர் அதைப் பார்த்துச் சந்தோஷப்படுகிறார். நான் படித்த எத்தனையோ நாவல்களில் இதே காட்சி வேறு வேறு பெயரில் இருக்கிறது. கல்யாணம் ஆனாலும் தன் நிலத்துக் கஷ்டங்களைத் தன்னைத் தனியாகவே சமாளிக்க விட வேண்டும் என்று அவரிடம் வாக்குறுதி வாங்கியிருக்கிறார். அதைப் படித்துக் கைதட்டினேன்.

அப்புறம் அந்தக் குழந்தை. முதல் மகன் ஜேமி நோயில் இறந்துபோகிறான். டாக்டர் கிடையாது. ஸ்டூவர்ட்டுக்குத் தச்சு வேலை தெரியும் என்பதால் சவப்பெட்டியை அவரே செய்கிறார். எலினோர் உள்ளே மெத்தை வைத்துத் தைத்துத் துணி சுற்றுகிறார். தங்கள் கையாலேயே எல்லாம் செய்ததில் ஆறுதல் இருந்தது என்று எழுதுகிறார். கௌதமி அக்கா கேட்ட கேள்விக்குப் பதில் இங்கே இருக்கிறது. அவரே எழுதி வைத்துவிட்டுப் போயிருக்கிறார்.

ஒரு சந்தேகம். அவர் கடைசியில் பட்டா வாங்கினாரா? புத்தகத்தில் தெளிவாக இல்லை.


சுகந்தி எழுதியது:

வாங்கவில்லை, நித்திலா. பிறகு வந்த ஆய்வாளர்கள் நிலப் பதிவேடுகளைத் தேடிப் பார்த்தார்கள். கணவனும் மனைவியும் தனித்தனி வீடு காட்டிப் பட்டா வாங்க முடியாது என்பது விதி. எலினோர் கட்டிய வீடு கணவர் வீட்டோடு ஒட்டியது. 1912இல் தன் உரிமையை விட்டுக்கொடுத்தார். அதே நிலத்துக்கு அவருடைய மாமியார் மனு போட்டார். சூசன் ஜார்ஜ் 1992இல் எழுதிய ‘தி அட்வென்ச்சர்ஸ் ஆஃப் தி வுமன் ஹோம்ஸ்டெடர்’ நூலில் இதெல்லாம் விரிவாக உண்டு. தனியாகச் சாதித்தேன் என்று அவர் எழுதிய பகுதிகளை இது தெரிந்த பிறகு படிப்பது வேறு அனுபவம். நான் அவரைப் பொய்யர் என்று நினைக்கவில்லை. அறுத்த புல்லும் நட்ட உருளைக்கிழங்கும் பொய் இல்லை.


தென்காற்று எழுதியது:

கௌதமி அக்கா, உங்கள் பதில் ஒரு வாரமாக மனதில் இருந்தது. மொன்டானாவிலிருந்து இரண்டு புத்தகங்கள் சொல்கிறேன். நீங்கள் சொன்னதும் நான் சொன்னதும் ஒரே குடும்பத்துக்குள் இருக்கிறது.

கிரான்வில் ஸ்டூவர்ட். பெரிய பண்ணைக்காரர். (எலினோரின் கணவருக்கு உறவு இல்லை.) 1886-87 குளிர்காலத்தில் மந்தைகள் கூண்டோடு அழிந்ததைப் பார்த்து, தீவனமும் கொட்டகையும் கொடுக்க முடியாத ஒரு மாட்டை இனி வைத்திருக்க மாட்டேன் என்று முடிவெடுத்தவர். அந்தக் குளிர்காலத்துக்குப் பிறகுதான் புல் அறுத்துச் சேர்ப்பது அங்கே எல்லாப் பண்ணைக்கும் கட்டாயம் ஆனது, நித்திலா. எலினோர் ஓட்டிய எந்திரத்துக்குப் பின்னால் அந்தச் சாவுகள் இருக்கின்றன.

ஸ்டூவர்ட்டின் மனைவி ஆபனி, ஷோஷோன் இனப் பெண். 1862இல் கல்யாணம், 1888இல் அவர் இறக்கும்வரை 26 வருடம் வாழ்ந்தார்கள், நிறையப் பிள்ளைகள். அவர் இறந்து இரண்டு வருடத்துக்குள் ஸ்டூவர்ட் ஒரு வெள்ளைக்கார ஆசிரியையை மணந்து, சின்னப் பிள்ளைகளை மிஷன் பள்ளிக்கு அனுப்பிவிட்டார். 1925இல் வந்த அவருடைய ‘ஃபார்ட்டி இயர்ஸ் ஆன் தி ஃபிரான்டியர்’ மொன்டானா வரலாற்றுக்கு அடிப்படை நூல். அதில் ஆபனி வருவது மிகக் குறைவு.

அவர்களுடைய மகள் மேரியை, அப்பாவின் பண்ணையில் வேலை செய்த கௌபாய் ஒருவர் காதலித்து 1889இல் மணந்தார். டெடி ப்ளூ அபட். கிழவரான பிறகு அவர் சொல்லச் சொல்ல, பழம்புத்தகம் அண்ணன் சொன்ன அதே ஹெலினா ஹன்டிங்டன் ஸ்மித் எழுதியதுதான் 1939இல் வந்த ‘வி பாயின்டட் தெம் நார்த்’. மேரியோடு வாழத் தகுதியாக வேண்டும் என்று அவர் தன் பழக்கங்களை மாற்றிக்கொண்டது அதில் வருகிறது. மாமனார் எழுதிய வரலாற்றில் மங்கிப்போன குடும்பம், கூலிக்கார மாப்பிள்ளை சொன்ன நினைவுகளில் உயிரோடு இருக்கிறது. முதலில் மாப்பிள்ளையைப் படியுங்கள், பிறகு மாமனாரை.


கௌதமி எழுதியது:

தம்பி, இதற்கு என்ன பதில் எழுதுவது என்று தெரியவில்லை. இரண்டையும் வரவழைக்கிறேன்.


கன்றுக்காலம் எழுதியது:

நித்திலா, கோடையில் பஃபலோ பக்கம் போனால் ஜிம் கேட்செல் அருங்காட்சியகத்தைப் பாருங்கள், 1892 சண்டைப் பொருள்கள் இருக்கின்றன. டிஏ பண்ணை இன்றும் இருக்கிறது, விருந்தினர்கள் தங்கலாம். கொட்டகை மரத்தில் துப்பாக்கிக் குண்டு துளைத்த ஓட்டைகளை விரலால் தொட்டுப் பார்த்தேன்.


நித்திலா எழுதியது:

ஜூன் மாதம் போகிறோம், முடிவு செய்தாகிவிட்டது. எலினோருக்கு ‘லெட்டர்ஸ் ஆன் அன் எல்க் ஹன்ட்’ என்று 1915இல் இன்னொரு கடிதத் தொகுப்பும் இருக்கிறதாம். இன்றிரவு அதைத் தொடங்குகிறேன். கூடப் படிக்க யாராவது வருகிறீர்களா?


சுகந்தி எழுதியது:

நான் வருகிறேன். முதல் மூன்று கடிதம் ஞாயிற்றுக்கிழமைக்குள் முடித்துவிடுவோமா?